ஆர்டித் லுண்ட்கிரெனின் முந்திரித் தூவல்

1979ஆம் ஆண்டு அக்டோபர் 13, சனிக்கிழமை, பகல் பன்னிரண்டு இருபது. வெள்ளி மாலை முதல் சனி மாலை வரை ஓய்வுநாளாக அனுசரிக்கும் எல்ம் ஹாலோ கிறிஸ்தவ சபையின் கீழ்த்தளக் கூடத்தில் ஓய்வுநாள் பந்திக்கு மேசை விரித்துக்கொண்டிருந்த வெர்லீன் ஹாய்ட், ஆர்டித் லுண்ட்கிரெனை முதன்முதலாகப் பார்த்தது அப்போதுதான். நேரம் நினைவில் நின்றதற்குக் காரணம் உண்டு. மாடியில் பிரசங்கம் முடிந்தபாடில்லை. அடுப்பில் சூடாக வைத்திருந்தவை காய்ந்துகொண்டிருந்தன. வெர்லீன் சுவர்க் கடிகாரத்தையே முறைத்துக்கொண்டிருந்தாள். நெடிய, எலும்பு தெரியும் ஒரு பெண்மணி அருகே வந்து நின்றார்.

"கடிகாரத்தை முறைச்சா பாஸ்டர் நிறுத்திடுவாரா? கரண்டி எங்க இருக்குன்னு சொல்லு, நான் அடுக்குறேன்."

அவர் அடுக்கிய நாற்பத்தாறு கரண்டிகளும் ஒரே திசையில் தலைவைத்துப் படுத்திருந்தன. வெர்லீனுக்கு அப்போது முப்பத்தொரு வயது. சபைப் பந்தியைக் கவனிக்கும் உதவிக்காரியாகப் பொறுப்பேற்று இரண்டு மாதமே ஆகியிருந்தது. ஆர்டித்துக்கு நாற்பத்தேழு.

ஆர்டித் மினசோட்டாவில் ஒரு பால் பண்ணையில் பிறந்தவர். பள்ளிக்குப் போகுமுன் பன்னிரண்டு மாடுகளைக் கறந்த கைகள் அவை. இருபத்துநான்காம் வயதில் ஞானஸ்நானம் பெற்றபின், சபையில் சிலர் கைக்கொள்ளும் உணவு ஒழுக்கப்படி, அவர் பாலைத் தொடவில்லை. ஆனால் பால் அருந்துபவர்களிடம் அதைப் பற்றிப் பேசியதுமில்லை. யாராவது துருவிக் கேட்டால், "என் பங்கை நான் சின்ன வயசுலயே குடிச்சு முடிச்சுட்டேன்" என்று முடித்துவிடுவார். கணவர் இளமையிலேயே இறந்துவிட்டார். குழந்தைகள் இல்லை. பக்கத்து ஊர் மருத்துவமனையின் சலவைக்கூடத்தில் வேலை. அங்கே இயந்திரங்களின் இரைச்சலில் பேசிப் பழகியதால் சபையிலும் சற்று உரக்கவே பேசுவார்.

சபைப் பந்தியில் மாதத்துக்கு இரண்டு முறையாவது ஸ்பகெட்டி இருக்கும். தக்காளிக் குழம்பின்மேல் துருவிய சீஸைத் தூவிக்கொண்டு எல்லாரும் நகர்வார்கள், கிளிஃபோர்ட் பென்னரைத் தவிர. தபால் நிலையத்தில் வேலை பார்த்த அவர்தான் பாடற்குழுவின் அடிக்குரல். ஒரு சொட்டுப் பால் பட்டாலும் அவருக்குத் தொண்டை வீங்கிவிடும்.

"எனக்கு மட்டும் மொட்டை ஸ்பகெட்டி. நான் இன்னும் முழுசா மனந்திரும்பலை போல," என்று அவர் தட்டைக் காட்டிச் சிரிப்பார். ஒவ்வொரு முறையும் அதே வேடிக்கை. எல்லாரும் சிரித்தார்கள், ஆர்டித் மட்டும் சிரிக்காமல் தட்டைப் பார்த்தார்.

ஆறு வாரம் கழித்து ஒரு கண்ணாடிப் புட்டியுடன் வந்தார். வறுக்காத முந்திரி பாதி, விலை கட்டுபடியாவதற்காகச் சூரியகாந்தி விதை பாதி, மஞ்சள் நிறத்தில் செதில் செதிலாக வரும், சீஸின் சுவை தரும் உணவு ஈஸ்ட், பூண்டுப் பொடி, உப்பு. இவ்வளவுதான். சூட்சுமமெல்லாம் அரைப்பதில் இருந்தது. இயந்திரத்தை ஒரு நொடி ஓட்டி, நிறுத்தி, குலுக்கி, மறுபடி ஒரு நொடி ஓட்ட வேண்டும். ஒரே மூச்சில் ஓட்டினால் முந்திரி எண்ணெய் விட்டுக் களிம்பாகக் கட்டிக்கொள்ளும். ஆறு வாரத்தில் ஐந்து வாரம் களிம்பைத்தான் ரொட்டியில் தடவித் தின்றதாக ஆர்டித் பின்னர் ஒப்புக்கொண்டார். புட்டியின்மேல் ஒட்டியிருந்த தாளில் தெளிவான கையெழுத்தில் "இது சீஸ் அல்ல" என்றிருந்தது.

"அப்ப இது என்னதான் சிஸ்டர்?" என்றாள் வெர்லீன்.

"தூவுறோம். தூவல்னு வெச்சுக்கோ. இல்லாத பேரை எதுக்குக் கொடுக்கணும்?"

கிளிஃபோர்ட் முதலில் விரல்நுனியால் தொட்டு நாக்கில் வைத்தார். பிறகு கரண்டியால். பிறகு புட்டியைக் கவிழ்த்தார். அன்று அவர் மூன்று தட்டு சாப்பிட்டார். அடுத்த முறையிலிருந்து சீஸ் கிண்ணம் நிரம்பியபடியே திரும்பிப் போனது. தூவல் புட்டிதான் காலியானது. ஒரு கட்டத்தில் சீஸ் கிண்ணத்தையே யாரும் கொண்டுவரவில்லை.

ஆறு ஆண்டுகள் இப்படிக் கழிந்தன.

1986 பிப்ரவரியில் ஆர்டித்தின் தங்கைக்கு அறுவைச் சிகிச்சை. வியாழக்கிழமை மினசோட்டாவுக்குப் புறப்படுமுன் அவர் வெர்லீன் வீட்டுக்கு வந்து, பாதி நிரம்பிய புட்டியையும் ஒரு பை முந்திரிக் கலவையையும் கொடுத்தார்.

"இது பத்தாது. நாளைக்குச் சூரியன் மறையறதுக்குள்ள இதையும் அரைச்சு வெச்சுடு. நிறுத்தி நிறுத்தி அரை."

"தெரியும் சிஸ்டர். எத்தனை தடவை பார்த்திருக்கேன்."

வெள்ளிக்கிழமை வெர்லீனுக்கு நிற்க நேரமில்லை. ஓய்வுநாளுக்கு வீட்டைத் துடைத்து, ரொட்டி சுட்டு, காலணிகளுக்குப் பூச்சிட்டு நிமிர்ந்தபோது சன்னலுக்கு வெளியே வெளிச்சம் போயிருந்தது. முந்திரிப் பை மேசைமேல் அப்படியே இருந்தது. இனி நாளை மாலைவரை வேலை கூடாது. பாதிப் புட்டி போதும் என்று தன்னைத் தேற்றிக்கொண்டாள்.

போதவில்லை. மறுநாள் வெளியூர்ப் பாடற்குழு ஒன்று வந்திருந்தது. முதல் வரிசை நகர்வதற்குள் புட்டி தரைதட்டியது. வெர்லீனின் வீடு சபைக்கு அடுத்த மனை. புட்டியோடு ஓடினாள். அரைக்கும் இயந்திரத்தில் முந்திரியைக் கொட்டிப் பொத்தானில் விரலையும் வைத்துவிட்டாள். ஓய்வுநாளில் இயந்திரம் ஓடும் ஓசை கூடம்வரை கேட்கும். விரலை எடுத்துக்கொண்டாள்; முந்திரியைப் பையிலேயே திருப்பிப் போட்டாள். குளிர்பெட்டியில் அவள் கணவன் வாங்கிவைத்திருந்த துருவிய சீஸ் டப்பா இருந்தது. அதைப் புட்டியில் கொட்டினாள். நிறம் கொஞ்சம் வெளுப்பு. மற்றபடி வேறுபாடு தெரியவில்லை. கிளிஃபோர்ட் முதல் வரிசையிலேயே சாப்பிட்டுவிட்டார் என்பது அவளுக்குத் தெரியும். அதைச் சொல்லித்தான் பின்னர் பல ஆண்டுகள் தனக்குத் தானே வாதாடிக்கொண்டாள்.

அந்த வாதம் நிற்காது. கிளிஃபோர்ட் இரண்டாம் முறை வந்ததை அவள் பார்த்தாள்.

"எங்க நம்ம ஆர்டித் புட்டி? ஆ, மறுபடி நிறைஞ்சிருக்கே! கானாவூர்ல இயேசு தண்ணியைத் திராட்சரசமாக்கின மாதிரி!"

வெர்லீன் வாயைத் திறந்தாள். அந்த நொடியில் பாஸ்டரின் மனைவி அவள் தோளைத் தொட்டு, "நல்ல வேளை, நீ முன்யோசனையா எடுத்து வெச்சிருந்தே. விருந்தாளிங்க முன்னாடி மானம் போயிருக்கும்," என்றார். ஒரு மூச்சுவிடும் நேரம் இருக்கும். ஒரு சிட்டிகை என்ன செய்துவிடும் என்று வெர்லீன் நினைத்தாள். கிளிஃபோர்ட் ஒரு சிட்டிகையோடு நிறுத்துபவர் அல்லர்.

ஆம்புலன்ஸ் வருவதற்குள் அவருடைய உதடுகள் நீலம் பாய்ந்துவிட்டன. பிழைத்துக்கொண்டார். நான்கு நாள் மருத்துவமனையில் இருந்தார், ஈஸ்டர்வரை பாடவில்லை.

ஞாயிற்றுக்கிழமையே பேச்சு தொடங்கிவிட்டது. சபை மூப்பர் ஆர்வில் டெஷ், "ஆர்டித் வீட்டு அரைக்கிற மிஷின்ல ஏதோ பட்டிருக்கும். வேணும்னு செஞ்சாங்கன்னு யாரும் சொல்லலை," என்றார். அவர் மனைவி அவ்வளவு கவனமாகப் பேசவில்லை. "பால் பண்ணைக்காரி மகதானே. எவ்வளவு கழுவினாலும் கையில ஒட்டிக்கிட்டுத்தான் இருக்கும்." சிலர் சிரித்தார்கள். பாத்திரம் துடைத்துக்கொண்டிருந்த வெர்லீன், ஏற்கெனவே உலர்ந்திருந்த தட்டை மறுபடி துடைத்தாள். வீட்டில் அரைத்த பொடி எதையும் இனிப் பந்தியில் வைக்கக்கூடாது என்று சபை நிர்வாகக் குழு தீர்மானித்தது. தீர்மானத்தை வாசித்தவள் வெர்லீன்தான். அது அவள் பொறுப்பு.

செவ்வாய்க்கிழமை ஊர் திரும்பிய ஆர்டித், கூடத்தின் அலமாரியிலிருந்து தம் புட்டியை எடுத்துக்கொண்டு போனார். மறுநாள் வெர்லீன் வீட்டுச் சமையலறையில் மேற்சட்டையைக் கழற்றாமலே உட்கார்ந்தார்.

"புட்டியை வெந்நீர் விட்டுக் கழுவினேன். அடியில நூல் மாதிரி இழுத்துச்சு."

வெர்லீன் மேசைவிரிப்பின் சுருக்கத்தை நீவினாள்.

"நான் போட்டதுல எதுவும் நூல் இழுக்காது வெர்லீன். முந்திரியை வெந்நீர்ல விட்டா பால் மாதிரி கரையும். நூல் இழுக்காது."

"மேசையில யாராவது... ஈரக் கரண்டியைப் போட்டிருப்பாங்க சிஸ்டர். கூட்டம் வேற."

ஆர்டித் அவளைப் பார்த்தார். மேசையின் ஓரத்தில், வியாழக்கிழமை தாம் கொடுத்த முந்திரிப் பை அரைக்கப்படாமல் இருந்ததையும் பார்த்தார்.

"இருக்கும்," என்றார். எழுந்து போய்விட்டார்.

அதன்பின் பதினோரு ஆண்டுகள் அவர் பந்திக்கு உரிக்காத ஆரஞ்சுப் பழங்களையே கொண்டுவந்தார். தோலோடு இருக்கும் பழத்தில் எவரும் ஐயப்பட முடியாது. கிளிஃபோர்ட் அவரிடம் மரியாதையாகப் பேசுவார்; ஆனால் அவர் பக்கத்தில் தட்டோடு உட்கார மாட்டார். மொட்டை ஸ்பகெட்டி வேடிக்கையையும் விட்டுவிட்டார். பழையபடி ஒரு சீஸ் கிண்ணம் மேசைக்கு வந்தது.

இவற்றையெல்லாம் வெர்லீன் தாங்கிக்கொண்டிருப்பாள். தாங்க முடியாதது கால் கழுவுதல்தான். இயேசு தம் சீடர்களின் கால்களைக் கழுவியதன் நினைவாக, காலாண்டுக்கு ஒருமுறை, திருவிருந்துக்கு முன், பெண்கள் தனியறையில் கூடி இருவர் இருவராக ஒருவர் கால்களை மற்றவர் கழுவுவார்கள். மனத்தாங்கல் இருப்பவர்கள் அதற்கு முன்னரே பேசித் தீர்த்துக்கொள்ள வேண்டும். 1986 வசந்தகாலத்தில், வெர்லீன் தனக்கு இணையாகப் பாஸ்டரின் மனைவியைத் தேடிக்கொண்டிருந்தபோது, ஆர்டித் தண்ணீர்ப் பாத்திரத்தோடு நேராக அவளிடம் வந்தார்.

"உட்காரு."

மண்டியிட்டார். வெர்லீனின் இடது பாதத்தைக் கையில் ஏந்தி, தண்ணீரில் வைக்குமுன் சற்று நிறுத்தினார். அந்த நிறுத்தத்தில் கோபம் இல்லை, கேள்வியும் இல்லை. வெர்லீன் தலைக்குமேல் இருந்த குழாயைப் பார்த்தாள். ஆர்டித் கழுவினார், துடைத்தார், இடம் மாற்றிக்கொண்டு தம் கால்களை நீட்டினார். அடுத்த காலாண்டிலும் அப்படியே. அதற்கடுத்த காலாண்டிலும். வெர்லீன் ஒருமுறை காய்ச்சல் என்று பொய் சொல்லி வீட்டிலிருந்தாள்; அந்தப் பொய்யும் பழைய பொய்யோடு சேர்ந்துகொண்டது. நாற்பதுக்கும் மேற்பட்ட தடவை அவளுடைய கால்கள் அந்தக் கைகளில் இருந்தன. ஒவ்வொரு தடவையும் அதே சிறு நிறுத்தம். ஒரு சொல் கேட்டிருந்தால் போதும், அழுது கொட்டியிருப்பாள் என்று நம்பினாள். பிறகு, அவர் கேட்டபோதுதான் சமையலறையில் ஈரக் கரண்டி என்று மழுப்பினோமே என்று நினைவு வரும்.

1997 ஜனவரி முதல் ஓய்வுநாள். வசந்தத்தில் ஆர்டித் தங்கையோடு இருக்கப் போகிறார் என்று அறிவித்திருந்தார்கள். முப்பது ஆண்டுச் சலவை இயந்திரங்கள் அவர் காதுகளை ஏறக்குறைய முழுதும் வாங்கிக்கொண்டிருந்தன. முழங்கால்களும் மடங்கவில்லை, அதனால் அன்று வெர்லீன்தான் முதலில் மண்டியிட்டாள். நரம்போடிய அந்தப் பாதத்தைப் பிடித்ததும் தண்ணீரில் வைக்க அவள் கை வரவில்லை.

"சிஸ்டர், அந்தப் புட்டியில சீஸ் போட்டது நான்தான்," என்றாள் மெதுவாக.

"என்ன?"

"புட்டியில... நான்தான்."

"சத்தமாச் சொல்லு வெர்லீன். எனக்கு ஒண்ணும் விளங்கலை."

சுற்றிலும் இருபது பெண்கள். ஆர்வில் டெஷின் மனைவி இரண்டு நாற்காலி தள்ளி உட்கார்ந்திருந்தார். ஒன்றுமில்லை என்று சொல்லிவிடலாம். தண்ணீர் சூடாக இருக்கிறதா என்று கேட்டதாகச் சொல்லிவிடலாம். அந்த எண்ணமும் அவளுக்கு வந்ததுதான்.

"புட்டியில சீஸைப் போட்டது நான்தான்!" அறை முழுதும் கேட்டது. "கிளிஃபோர்ட் வரும்போதும் பார்த்தேன். சொல்லலை. உங்க மேல பழி விழுந்தபோதும் சொல்லலை!"

மூப்பரின் மனைவி துண்டை மடியில் போட்டபடி தரையைப் பார்த்தார்.

ஆர்டித் குனிந்து வெர்லீனின் முகத்தை ஆராய்ந்தார். "தெரியும்," என்றார். "இவ்வளவு சத்தமாவா சொல்லணும்? பாதி சத்தத்திலயே எனக்குக் கேட்டிருக்கும்." யாரோ ஒருத்தி அழுகையும் சிரிப்புமாக ஓர் ஒலி எழுப்பினாள். "சரி, காலைத் தண்ணியில விடு. குளிருது."

வெர்லீன் கழுவினாள். திருவிருந்து முடிந்தபின் கிளிஃபோர்டிடமும் தானே போய்ச் சொன்னாள். அவர் வெகுநேரம் தொப்பியைத் திருப்பிக்கொண்டிருந்துவிட்டு, "பதினோரு வருஷமா அந்த அம்மாவைப் பார்த்துப் பயந்திருக்கேன் வெர்லீன். உன்னைப் பார்த்துப் பயந்திருக்கணும்," என்று சொல்லிவிட்டு நடந்தார். ஆர்டித்திடம் போய் அவர் என்ன பேசினார் என்பது வெர்லீனுக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளும் உரிமை தனக்கில்லை என்று அவள் கேட்கவுமில்லை. குழு பழைய தீர்மானத்தை நீக்கியது. அதையும் வாசித்தவள் அவளே.

ஏப்ரலில் ஆர்டித் புறப்பட்டார். நான்கு ஆண்டுகள் கழித்து மினசோட்டாவில் காலமானார். அதுவரை வந்த கடிதங்களில் தங்கையின் உடல்நிலை, பனி, அங்குள்ள சபையில் கரண்டிகளை எவ்வளவு அலங்கோலமாகப் போடுகிறார்கள் என்பவை இருந்தன. பழியைச் சுமந்த ஆண்டுகளைப் பற்றி ஒரு வரியும் இல்லை. வெர்லீன் ஒவ்வொரு கடிதத்தையும் அந்த வரியைத் தேடியே பிரித்தாள். ஆர்டித் லுண்ட்கிரெனுக்கு அவள் பட்ட கடன் பதினோரு ஆண்டு நற்பெயர். அவர் அதை ஒருநாளும் திருப்பிக் கேட்கவில்லை.