வீரபாகு கட்டிய வரி

பிள்ளையார்பாளையத்தில் எட்டுத் தறிகளுக்குப் பட்டும் சரிகையும் கொடுத்து, நெய்த சேலைகளை வாங்கிக் கடைகளுக்குப் போடுகிறவர் வீரபாகு. வயது ஐம்பத்தாறு. சர்க்கரை கிடையாது, ரத்தக் கொதிப்பு கிடையாது. வரி என்ற சொல்லைக் காதில் போட்டால் மட்டும் இரண்டும் வந்துவிடும்.

அவர் வரி ஏய்க்கிறவர் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. ஒழுங்காகக் கணக்குக் கொடுக்கிறவர்தான். ஆனால் தன் கைக்காசிலிருந்து ஒரு ரூபாய்கூட வரியாகப் போனதில்லை என்பதில் அவருக்கு அப்படியொரு பெருமை. டீக்கடையில் நாலு பேர் சேர்ந்தால் போதும், பாடம் ஆரம்பமாகிவிடும்.

"இத கேளுபா. நூல் வாங்கறேன், அஞ்சு பர்சென்ட் ஜிஎஸ்டி குடுக்கறேன். சேலை விக்கறேன், அஞ்சு பர்சென்ட் வாங்கறேன். நான் குடுத்தத வாங்கனதுல கழிச்சிக்கினு மிச்சத்த கவர்மெண்டுக்கு அனுப்பிடறேன். என் துட்டு எங்க போச்சு? எங்கயும் போவல. கடசீல சேலைய கட்டிக்கறாங்களே அந்தம்மா, அவங்கதான் மொத்தத்தயும் கட்டறாங்க. நடுவுல இருக்கறவனுக்கு வரி கிடையாது. கடசி ஆளா மட்டும் நிக்கக் கூடாது, அவ்ளோதான்."

சொன்னது சரிதான். குறை சொல்ல முடியாது. சிக்கல் என்னவென்றால், இந்தத் தத்துவத்தால் அவர் வீட்டுக்குக் கார் வரவில்லை.

கார் கேட்டது அவர் மனைவி கலாவதி. நெசவாளர்கள் சேலையைக் கொண்டுவந்தால் பிரித்துப் பார்த்து, எந்த இடத்தில் இழை விட்டுப்போயிருக்கிறது என்று விரல் வைத்துக் காட்டுகிறவர் அவர்தான். தங்கை தென்னேரியில் இருக்கிறாள். அங்கே போக வாலாஜாபாத்தில் இறங்கி வேறு பஸ் பிடிக்க வேண்டும், கலாவதிக்கோ பஸ் என்றாலே குமட்டும். எலுமிச்சம்பழத்தை முகர்ந்துகொண்டே போய்ச் சேர்ந்து, தங்கை வீட்டில் பாதி நாள் படுத்துக் கிடந்துவிட்டு, மறுபடி எலுமிச்சம்பழத்தோடு திரும்புவார். தானே ஓட்டினால் குமட்டாது என்று யாரோ சொன்னார்கள். யாரிடமும் சொல்லாமல் ஒரு மாதம் டிரைவிங் ஸ்கூலுக்குப் போய், எட்டுப் போட்டு, லைசென்ஸே வாங்கிவிட்டார். இரண்டு வருஷமாக அந்த லைசென்ஸ் பீரோவில் பட்டுப்புடவைகளுக்கு அடியில் கிடந்தது.

வீரபாகு கார் பார்க்கப் போகாமலில்லை. மூன்று ஷோரூம் ஏறி இறங்கினார். எல்லா இடத்திலும் ஒரே கதைதான். காரின் நிறம் பார்ப்பார், கதவைத் திறந்து மூடிச் சத்தம் கேட்பார், விலைப்பட்டியல் கைக்கு வந்ததும் முகம் மாறிவிடும். வண்டி விலைக்குள்ளேயே ஜிஎஸ்டி. அதற்கு மேல் மாநிலத்துக்குச் சாலை வரி. இன்சூரன்ஸ் போட்டால் அந்த இன்சூரன்ஸுக்கும் ஒரு ஜிஎஸ்டி. "கார் விக்கறீங்களா, வரி விக்கறீங்களா?" என்று கேட்டுவிட்டு, அவர்கள் கொடுத்த காப்பியையும் குடித்துவிட்டு இறங்கி வந்துவிடுவார்.

போன வருஷம் புரட்டாசியில் சின்ன கார்களுக்கு வரி இருபத்தெட்டிலிருந்து பதினெட்டாகக் குறைந்தது. ஊரே புக்கிங் போட ஓடியது. வீரபாகு அசையவில்லை.

"பத்து கொறச்சிருக்கான்ல? இன்னும் கொஞ்சம் பொறுத்தா இன்னும் கொறப்பான்."

"ஜீரோ ஆவும்போது சொல்லுங்க. அப்ப என்னை நாலு பேர் தூக்கிக்கினு போவாங்க, கார் வேணாம்" என்றார் கலாவதி.

அந்தச் சமயத்தில்தான் வீரபாகுவுக்கு ஞானம் பிறந்தது. ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர் ரசத்தோடு கையை நிறுத்தினார். நூலுக்குக் கட்டின வரியைச் சேலை வரியில் கழிக்கிறோம். சேலை வைக்கப் பெட்டி வாங்கினால் கழிக்கிறோம். கடைக்கு ஃபேன் வாங்கினபோதுகூடக் கழித்தோம். அப்படியானால் சேலை ஏற்றிக்கொண்டு போக ஒரு கார் வாங்கி, கம்பெனி பேரில் பில் போட்டால்? அந்த வரியும் கழிந்துவிடுமே! காரை வாங்கியும் கடைசி ஆளாக நிற்காமல் தப்பிக்கிற வழி, இத்தனை வருஷம் இலையிலேயே இருந்திருக்கிறது.

மறுநாளே நாலாவது ஷோரூமுக்குப் போனார். அங்கே ஏஞ்சல் என்ற பெண் விலைப்பட்டியலைத் தயங்கித் தயங்கி நீட்டினாள். எக்ஸ் ஷோரூம் ஆறு லட்சத்துத் தொண்ணூற்றெட்டாயிரம், அதற்குள் ஜிஎஸ்டி மட்டும் ஒரு லட்சத்து ஆறாயிரத்துச் சொச்சம். வீரபாகு சிரித்தார்.

"போடும்மா, தாராளமா போடு. இன்னும் கூட இருந்தாலும் போடு. கம்பெனி பேர்ல பில்லு, ஜிஎஸ்டி நம்பர் தெளிவா இருக்கணும்."

வரியைப் பார்த்துச் சிரித்த முதல் வாடிக்கையாளரை ஏஞ்சல் சற்றுப் பயத்தோடுதான் பார்த்திருப்பாள். சாலை வரி பதின்மூன்று சதவிகிதம், தொண்ணூறாயிரத்துச் சொச்சம், என்றபோது மட்டும் அவர் சிரிப்பு சற்றுச் சுருங்கியது. அதைக் கழிக்க முடியாது என்று அவருக்கே தெரியும். ஆனாலும் பெரிய மீன் வலையில் இருக்கும்போது சின்ன மீனைப் பற்றிக் கவலைப்படக் கூடாது என்று மனத்தைத் தேற்றிக்கொண்டார்.

ஏஞ்சல் ஜிஎஸ்டி சான்றிதழைப் புரட்டினாள். "சார், வீரபாகு சில்க்ஸ், ஓனர் கலாவதின்னு இருக்குது. நீங்க?"

"நான்தான்மா எல்லாம்."

"பேப்பர்ல நீங்க இல்லையே சார். மேடம்தான் வரணும். ஆர்சியும் அவங்க பேர்லதான் வரும்."

இது ஒரு பழைய கதை. ஜிஎஸ்டி வந்த புதிதில் ஊரெல்லாம் ஒரே பீதி. தப்பாகக் கணக்குக் காட்டினால் ஜெயில் என்றார்கள். வீட்டுக்கு வந்த அப்போதைய ஆடிட்டர் யார் பேரில் பதிவு செய்யலாம் என்று கேட்டபோது வீரபாகு யோசிக்கவே இல்லை. "வீட்டம்மா பேர்ல போடுபா. பொம்பள பேர்ல இருந்தா ஒண்ணும் பண்ண மாட்டாங்க" என்றார். அன்றிலிருந்து எட்டு வருஷமாக மாதாமாதம் கணக்குத் தாக்கல் ஆகும்போது ஓடிபி கலாவதியின் போனுக்குத்தான் வரும். அவர் ஆறு எண்களைப் படித்துச் சொல்வார். அது எதற்கு என்று வீரபாகு விளக்கியதில்லை.

கலாவதி ஷோரூமுக்கு வந்தார், ஏழு இடத்தில் கையெழுத்துப் போட்டார். ஐப்பசியில் ஒரு நல்ல நாளில் கார் வந்தது. பஸ்ஸில் எலுமிச்சம்பழம் முகர்ந்தவர் நாலு எலுமிச்சம்பழத்தை டயருக்கு அடியில் வைத்து நசுக்கிக்கொண்டு கிளம்பினார். கச்சபேஸ்வரர் கோயில் வரை போய்த் திரும்பியபோது கலாவதியின் முகத்தில் இருந்த களையைப் பார்த்து, தெருவே வாசலுக்கு வந்தது. வீரபாகு இடது பக்க இருக்கையில் இரண்டு கையாலும் டேஷ்போர்டைப் பிடித்துக்கொண்டு, கண்ணாடியை இறக்கி எல்லாருக்கும் கேட்கிற மாதிரி, "வரி இல்லாம வாங்கனது!" என்று சொல்லிக்கொண்டே போனார். பக்கத்துத் தெருவில் அவரைப் போலவே தறிகளுக்குப் பட்டுக் கொடுக்கும் காசிநாதன் அந்த வழியைக் கேட்டு இரண்டு நாள் பின்னாலேயே அலைந்தார்.

கார்த்திகை பிறந்தது. நவம்பர் இருபதாம் தேதிக்குள் போன மாதக் கணக்கைத் தாக்கல் செய்தாக வேண்டும். வீரபாகு கார் பில்லை மடக்காமல் கண்ணாடி உறையில் போட்டு எடுத்துக்கொண்டு ஆடிட்டர் டேனியலின் ஆபீசுக்குப் போனார். முசரவாக்கத்துக்காரர், இளம் வயது, வேலையில் கறார். பில்லைப் பார்த்த டேனியல் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"சார், இத கழிக்க முடியாது."

"பில்லுல நம்பர் இருக்குதே?"

"நம்பர்லாம் சரியா இருக்குது. கம்ப்யூட்டர்ல கூட வந்து நிக்குது பாருங்க, ஒரு லட்சத்து ஆறாயிரம். ஆனா எடுக்கக் கூடாது. ஆளுங்க போற கார் வாங்கனா அந்த வரிய கழிச்சிக்க சட்டத்துல வழியில்ல. நாமளேதான் வேணாம்னு விடணும்."

"கண்ணெதிர்ல இருக்குது. எடுக்கக் கூடாது?"

"கூடாது."

"அப்போ யாருக்குதான் குடுப்பான்?"

"கார் வாங்கி விக்கற டீலருக்கு. டாக்சி ஓட்டறவங்களுக்கு. டிரைவிங் ஸ்கூல் வெச்சிருக்கறவங்களுக்கு. அப்பறம் பதிமூணு சீட்டுக்கு மேல இருக்கற வண்டின்னா கழிச்சிக்கலாம்."

வீரபாகு நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டார். "டிரைவிங் ஸ்கூல் ஒண்ணு போட்டுடுவோமா? கலாவுக்குதான் ஓட்டத் தெரியுமே."

"சார்."

"பதினாலு சீட்டா மாத்திக் குடுப்பானா?"

"வீட்ல ரெண்டு பேரு. பதினாலு சீட்டு இன்னாத்துக்கு சார்?"

வீரபாகுவுக்கு ஒரு லட்சம் ரூபாய் போனதுகூடப் பெரிதில்லை. இத்தனை வருஷம் நடுவில் நின்று பாடம் நடத்தியவர், இன்றைக்கு வரிசையின் கடைசியில் தனியாக நிற்கிறார். சேலை வாங்கிக் கட்டிக்கொள்கிற அந்தம்மாவும் அவரும் ஒன்றாகிவிட்டார்கள். காசிநாதன் கேட்டால் எந்த முகத்தோடு பேசுவது? எரிச்சலாக வந்தது, அழுகையும் வந்தது.

"எடுத்துப் போடு டேனியல். ஆயிரம் பேர்ல ஒருத்தன கேப்பான். கேட்டா பாத்துக்கலாம்."

"நான் போட மாட்டேன் சார்." டேனியல் நாற்காலியை விட்டு எழுந்து கம்ப்யூட்டரை அவர் பக்கம் திருப்பி வைத்தார். "உங்க கணக்கு, நீங்களே போட்டுக்கலாம். ஆனா ஓடிபி அக்காவுக்குதான் போவும்."

வீரபாகு ஒற்றை விரலால் ஒவ்வொரு எண்ணாகத் தேடித்தேடி அந்தத் தொகையை அடித்தார். கட்ட வேண்டிய சேலை வரி அப்படியே சுருங்கி ஒன்றுமில்லாமல் போனது. பார்க்கவே குளிர்ச்சியாக இருந்தது. ஓடிபி கேட்கும் பொத்தானை அழுத்திவிட்டுக் கலாவதிக்குப் போன் போட்டார். அவர் தென்னேரியில், தங்கை வீட்டு வாசலில் இருந்தார். காலையில் தனியாக ஓட்டிக்கொண்டு போயிருந்தார்.

"கலா, நம்பர் வந்திருக்குமே, சொல்லு."

"வந்திருக்குது. கார் வரிய கழிக்கறதுக்கா?"

வீரபாகு டேனியலைப் பார்த்தார். டேனியல் ஜன்னல் வழியாக ரோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"உனக்கு யார் சொன்னது?"

"டேனியல் தம்பிகிட்ட போன வாரமே கேட்டேன், சொல்லிச்சு. கழிக்கக் கூடாதுன்னு. நீங்க போட்டா பின்னால நோட்டீஸ் வருமாமே? யாரு பேருக்கு வரும்?"

வீரபாகு கார் பில்லைத் திருப்பிப் போட்டுப் பேனாவை எடுத்தார்.

"என் பேருக்குதானே வரும்? எனக்குத் தெரியும். எட்டு வருஷத்துக்கு முன்னாடி ஆடிட்டர் கிட்ட சொன்னீங்களே, பொம்பள பேர்ல போடுன்னு. நான் உள்ள காப்பி ஆத்திக்கினு இருந்தேன். மாட்டனா இவ மாட்டட்டும்னு சொல்றாருன்னு அப்பவே புரிஞ்சிது. இருந்தும் கையெழுத்து போட்டேன்."

"அப்படிலாம் நெனச்சி சொல்லல கலா…"

"நெனச்சிதான் சொன்னீங்க. சரி எழுதிக்குங்க. நாலு. ஏழு. ஏழு. ஒண்ணு. ஆறு. மூணு. வந்துச்சா? எழுதிட்டீங்களா?"

கோபமாகச் சொல்லியிருந்தால் அவரும் பதிலுக்குக் கத்தியிருப்பார், தப்பித்திருப்பார். கலாவதி எட்டு வருஷமாக மாதாமாதம் சொல்லுகிற அதே குரலில்தான் சொன்னார். ஆறு எண்களும் கார் பில்லின் பின்பக்கத்தில் இருந்தன. வீரபாகுவுக்கு வெட்கமாக இருந்தது. முப்பது வருஷமாக எதிலும் கடைசி ஆளாக நிற்கக் கூடாது என்று சாமர்த்தியம் பார்த்தவர், தான் நிற்க வேண்டிய இடத்தில் யாரை நிறுத்திவைத்திருந்தார் என்பது அப்போதுதான் உறைத்தது.

"டேனியல், அத எடுத்துடுபா."

"எத சார்?"

"அந்த ஒரு லட்சத்த. வேணாம்."

டேனியல் வந்து அழித்தார். சுருங்கியிருந்த சேலை வரி மறுபடி நிமிர்ந்து நின்றது. பழைய ஓடிபி இனி உதவாது, புதிதாக ஒன்று வாங்க வேண்டும் என்றார். வீரபாகு மறுபடி போன் போட்டார்.

"கலா, இன்னொரு நம்பர் வரும். அத சொல்லு."

"இப்ப எதுக்கு?"

"ஒண்ணும் கழிக்கல. முழுசா கட்டறோம்."

அந்தப் பக்கம் தங்கை வீட்டுக் கோழிகள் கத்துவது கேட்டது. பிறகு கலாவதி எண்களைச் சொன்னார். டேனியல் தட்டினார், தாக்கல் ஆனது.

வீரபாகுவுக்கு உடனே போனை வைக்க மனம் வரவில்லை. மன்னிப்புக் கேட்டுப் பழக்கமில்லாத மனிதர், வேறெதையோ பிடித்துக்கொண்டார்.

"கலா, என் வாழ்க்கையில மொத மொத என் கைத்துட்ட போட்டு வரி கட்டிருக்கறேன். இதயாவது ஊர்ல சொல்லிக்கலாம் இல்ல?"

"தாராளமா சொல்லிக்குங்க" என்றார் கலாவதி. குரலில் சிரிப்பு வந்துவிட்டிருந்தது. "ஆனா யாராச்சும் ரசீது கேட்டா காட்டாதீங்க. அதுவும் என் பேர்லதான் இருக்கும்."