வலது காலை வைத்து வந்தவள்

வண்டலூரில் எங்கள் வீட்டுக்கு இன்றும் மணியக்காரர் வீடு என்றுதான் பெயர். மணியம் போய், நிலமெல்லாம் பிளாட்டாகிப் போன பிறகும் மிடுக்கு மட்டும் போகவில்லை. வேலைக்கு வருகிறவர்கள் பின்வாசல் வழியாகத்தான் வர வேண்டும். நான் நான்காவது படிக்கும்போது புதிதாக வேலைக்கு வந்த ஓர் அக்கா, முதல் நாளே முன்வாசலில் நின்று வலது காலை எடுத்து வைத்து உள்ளே வந்தாள், சம்பந்தம் பேச வந்தவள் மாதிரி. அம்மா அவளைப் பின்பக்கமாகத் திருப்பி அனுப்பினாள். எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை.

அந்தச் சமயம் அத்தைக்கு, அதாவது அப்பாவின் தங்கைக்கு, படப்பையில் ஒரு பெரிய குடும்பத்தில் வரன் பேசிக்கொண்டிருந்தார்கள். பெண் பார்க்க இன்னும் வரவில்லை. ஆனாலும் பெரியப்பா முடிவே செய்துவிட்டார். அத்தை பொத்தேரியில் கூடப் படித்த ஒருவரைப் பற்றிப் பேச்செடுத்து, பெரியப்பாவிடம் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டிருந்தாள்.

புது அக்காவுக்குப் பெருக்க வராது. கேள்வி கேட்க மட்டும் நன்றாக வரும்.

"உங்க அத்தைக்குக் கோவம் வருமா பாப்பா? எல்லார்கிட்டயும் அனுசரிச்சிப் போவாங்களா?"

அத்தைக்குக் கோபமே வராது என்றேன். என் வாய் சும்மா இருக்குமா? அத்தையிடமும் போய் ஒப்பித்தேன், வலது கால் சமாசாரத்தையும் சேர்த்து. "வலது காலா?" என்று அத்தை திரும்பக் கேட்டாள்.

காலையில் உயிரியல் பூங்காச் சிங்கம் உறுமுவது எங்கள் வீட்டுக்குக் கேட்கும். மறுநாள் அத்தையின் குரல் அதைத் தூக்கிச் சாப்பிட்டது. அந்த அக்கா கொடுத்த காபியை டம்ளரோடு விட்டெறிந்தாள்.

"இது காபியா, கழுநீரா? நான் எங்க போனாலும் இப்படித்தான்! போய் யார்கிட்ட வேணும்னாலும் சொல்லிக்கோ!"

எறும்பைக்கூட மிதிக்காத அத்தை அவள். டம்ளர் தூணில் பட்டு நெளிந்தது. அந்த அக்கா அழவில்லை, சம்பளமும் கேட்கவில்லை. முந்தானையை உதறிச் செருகிக்கொண்டு முன்வாசல் வழியாகவே போய்விட்டாள். எனக்கு அவளை நினைத்தால் பாவமாக இருந்தது. அத்தையோடு அன்று முழுக்க நான் பேசவில்லை.

சில நாளில் தரகர் வந்து தலையைச் சொறிந்தார்.

"அவங்க வூட்டுப் பெரிய மருமவ வேணாம்னு ஒத்தக் கால்ல நிக்கிது சார். பொண்ணுக்குக் கோவம் ஜாஸ்தியாம்."

"பொண்ணையே பாக்காதவளுக்கு இன்னாய்யா தெரியும்?" என்று பெரியப்பா குதித்தார். அத்தை தலையைக் குனிந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

கோபக்காரி என்ற பெயர் சுற்று வட்டாரமெல்லாம் பரவி, அதன் பிறகு ஒரு வரனும் படியேறவில்லை. கடைசியில் பெரியப்பாவே இறங்கி வந்து, அந்தப் பொத்தேரிக்காரருக்கே கட்டி வைத்தார். சீர்ப் பாத்திரங்களை எடுத்து வைக்கும்போது, அந்த நெளிந்த டம்ளரும் வேண்டும் என்று அத்தை கேட்டு வாங்கிக்கொண்டாள். இத்தனை வெள்ளிப் பாத்திரம் இருக்க இதைப் போய்க் கேட்கிறாளே, அத்தைக்கு விவரம் பத்தாது என்று நான் நினைத்துக்கொண்டேன்.