செருப்பைக் கழற்றிவிட்டு ஒளித்தவர்

பயணிகள் கப்பலில் வேலை என்றால் கடலைப் பார்த்துக்கொண்டிருப்பது என்று நினைக்கிறார்கள். உண்மையில் ஆட்களின் முகத்தைப் பார்த்துச் சந்தேகப்படுவதுதான் வேலை. கூச்சமுள்ளவர்களே, உங்களுக்குத்தான் என் பாடு விளங்கும். காங்கேசன்துறையிலிருந்து நாகப்பட்டினம் போகும் கப்பலில் நான் புதிது. ரிக்கற், அதாவது பயணச்சீட்டு, இல்லாமல் ஒருவர் ஒளித்து வந்தாலும் வேலை நிரந்தரமாகாது என்று சொல்லியிருந்தார்கள்.

கதவடியில்

கப்பல் வெளிக்கிட்டதும் பார்த்தேன்: உயிர்காப்பு அங்கிகள் வைக்கும் அறை வாசலில் ஒரு சோடிப் பெண்கள் செருப்பு, ஒழுங்காகக் கழற்றி வைத்தபடி. கதவு விரலளவு திறந்தது. ஒரு கண். கதவு மூடிக்கொண்டது. தட்டக் கூச்சம். மேற்பார்வையாளர் அண்ணையிடம் ஓடினேன். அவர் தேத்தண்ணிக் கோப்பையை வைக்காமலே கேட்டார்: "கோயிலுக்குப் போற மாதிரிச் செருப்பைக் கழட்டி வைச்சிட்டோ பிள்ளை கள்ளர் ஒளிக்கிறவை?"

ஊர்வலம்

திரும்பி வந்தால் செருப்பு இல்லை. அதைக் கையில் பிடித்தபடி ஒரு அக்கா தூணுக்குப் பின்னால் நின்றார். முன்னால் கோடு போட்ட சேட்டு அணிந்த ஒருவர் பற்றிஸ் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். அவர் எழும்பினால் அக்கா குனிந்தார். அக்கா குனிந்தால் நானும் குனிந்தேன். அவர் நடந்தார், நாங்கள் இருவரும் நுனிக்காலில் பின்னால். சட்டென்று அவர் திரும்ப, அக்கா யாரோ ஒருவரின் பயணப்பைகளுக்கு நடுவில் குந்திவிட்டார். எனக்கு ஒளிக்க இடமில்லை. சுவரிலிருந்த அறிவித்தலைக் கவனமாக வாசித்தேன். அது இந்தியில் இருந்தது. பைகளின் சொந்தக்காரர் என்னைப் பார்த்தார்: "தங்கச்சி, கப்பல்காரரும் ஒளிச்சுப் பிடிச்சு விளையாடுறவையோ?"

நீட்டிய கை

வேலை போகப்போகிறதே என்ற பயத்தில் அக்காவுக்கு முன்னால் கையை மட்டும் நீட்டினேன். அவர் உதட்டில் விரலை வைத்துவிட்டு, கைப்பையிலிருந்து ரிக்கற்றை எடுத்துத் தந்தார். எல்லாம் சரி. என் வேலை தப்பியது. பிறகு ஏன் ஒளிக்கிறார்? சேட்டுக்காரரைக் கண்ணால் காட்டினார்: "அது என்ரை மனுசன். கொழும்புக்குப் போறன் எண்டவருக்கு இந்திய விசா என்னத்துக்கு? அறிஞ்ச உடனை நானும் எடுத்தனான்."

கடல் குலுங்கியபோது

நடுக்கடலில் கப்பல் ஆட, மனுசன் குமட்டிச் சத்தி எடுக்கத் தொடங்கினார். அக்கா எல்லாவற்றையும் மறந்து ஓடிப்போய் அவர் தலையைப் பிடித்தார். அவர் நிமிர்ந்து பார்த்து, "நீரோ? நான் கொழும்பிலை எல்லே நிக்கிறன்!" என்றார். பிடித்த தலையை விடாமலே அக்கா கேட்டார்: "ஆரவள்?"

அவர் வாயைத் துடைத்தார். "வேளாங்கண்ணி மாதாவப்பா! நேர்த்திக்கு மொட்டை அடிக்கப் போறன். உண்மையைச் சொன்னா உம்மடை அம்மா, அக்கா எல்லாரும் என்னோடை வெளிக்கிட்டிடுவினம்."

மாமியாருக்குப் பயந்து ஒரு மனிதன் கடல் கடந்ததைத் தவிர, அன்று கப்பலில் வேறெந்தக் குற்றத்தையும் நான் கண்டுபிடிக்கவில்லை.