ராஜா வேஷம் கட்டாத நடிகர்

வெள்ளைக்காரர் எங்கள் வீட்டுக்கு மொத்தம் ஒன்பது நாள் வந்தார். பத்தாவது நாள் வாசலோடு திருப்பி அனுப்பப்பட்டார். இதை நினைவை மட்டும் நம்பிச் சொல்லவில்லை. ஆறாம் வகுப்பு முடிந்த கோடை விடுமுறையில் நான் எழுதிய நோட்டு இன்னும் என்னிடம் இருக்கிறது. வந்த நேரம், உட்கார்ந்த இடம், பார்த்த பொருள், போன நேரம் என்று நான்கு கட்டம் பிரித்து, அடிக்கோல் வைத்துக் கோடு போட்டு எழுதியிருக்கிறேன். அந்த வேலையை எனக்குக் கொடுத்தவர் சித்தப்பா.

பிள்ளையார்பாளையத்தில் எங்கள் வீட்டில் அப்போது இரண்டு தறிகள். ஒன்றில் அப்பா, மற்றதில் சித்தப்பா. அப்பாவின் தறியில் அந்தக் கோடையில் ஓடியது அவரே பல மாதம் யோசித்து வரைந்த, பட்டுச்சேலைக்கான புதுக் கரை. ஒரு யாளி, அதன் வாயிலிருந்து கிளம்பி அடுத்த யாளியின் வாலைச் சுற்றிக்கொள்ளும் ஒரு கொடி. ஆடி முடியும்வரை இந்தக் கரை வேறு எந்தத் தறியிலும் தலைகாட்டாமல் இருந்தால், கல்யாண சீசனுக்கான முழு வேலையும் எங்கள் இரண்டு தறிகளுக்கும்தான் என்று பட்டுக்கடைக்காரர் சொல்லியிருந்தார். வெளியே கசிந்தால் சித்தப்பாவின் தறி நிற்கும். அதற்கு முந்தைய வருடம் எதிர்வீட்டுக்காரரின் மயில் கரை பத்தே நாளில் விசைத்தறிக்குப் போய்விட்டதை எல்லோரும் பார்த்திருந்தோம். அதனால் வெளியாள் யார் படியேறினாலும் அம்மா ஓடிப்போய், நெய்த பகுதியின்மேல் பழைய வேட்டி ஒன்றை விரித்து மூடிவிடுவாள். ஊடுநூலைக் கொண்டுபோகும் நாடா ஓடும் இடத்தில் நாலு விரல் அகலம்தான் வெளியே தெரியும்.

இப்படிப்பட்ட வீட்டுக்குள்தான் கோயிலுக்கு வரும் வெளிநாட்டுக்காரர்களைச் சுற்றிக் காட்டும் கைடு ஒருவர் அந்த மனிதரை அழைத்து வந்தார். கைடு அப்பாவோடு ஒரே பெஞ்சில் படித்தவர். அப்பாவுக்கு முகத்துக்கு நேரே முடியாது என்று சொல்ல வராது.

"இவரு லண்டன்ல நாடக நடிகருபா. சினிமாலயும் நடிச்சிருக்காரு. மெட்ராஸ்ல நாடகம் போட வந்தாங்க. ஊருக்குத் திரும்பினா அடுத்த நாடகத்துல தறிக்காரன் வேஷமாம். நீ நெய்யறத பக்கத்துல குந்தி பார்க்கணும்னு ஆசப்படறாரு."

சித்தப்பா தறியை நிறுத்திவிட்டார். தறிக்காரன் வேஷம் போட எவனாவது கடல் தாண்டி வருவானா என்பது அவருடைய முதல் கேள்வி. அதை அப்போது கேட்கவில்லை. அம்மாதான் சமையலறைக் கதவுக்குப் பின்னால் நின்றபடி கேட்டாள்.

"எத்தினி வருஷமா நடிக்கிறாராம்?"

கைடு கேட்டுச் சொன்னார். இருபது வருடம்.

"ராஜா வேஷம் கட்டியிருக்காரா?"

இதைக் கேட்டதும் வெள்ளைக்காரர் சிரித்தார். கைடு மொழிபெயர்த்தார். ராஜாவுக்குப் பக்கத்தில் வேல் பிடித்துக்கொண்டு நாலு வருடம் நின்றிருக்கிறாராம். அப்புறம் சேதி கொண்டுவருபவராக, பாதிரியாராக, வக்கீலின் குமாஸ்தாவாக. சினிமாவில் மூன்று முறை ஆரம்பத்திலேயே செத்துப்போயிருக்கிறாராம்.

எங்களுக்குத் தெரிந்த நடிப்பு பாரதக் கூத்து. அதில் இருபது வருடம் ஆடியவர் துரியோதனன் ஆகாமல் இருந்ததே இல்லை. வெள்ளைக்காரர் போன பிறகு சித்தப்பா தீர்ப்பு சொன்னார். "இருபது வருஷமா நடிக்கிறவன் இன்னும் ராஜா ஆவலன்னா, அவன் நடிகனே இல்ல அண்ணா. எந்த மில்லுக்காரனோ அனுப்பின ஆளு." மறுநாள் காலை அம்மா வேட்டியை இரண்டாக மடித்துப் போட்டாள். பாவாடை மடியில் நோட்டும் பென்சிலுமாக நான் வாசற்படியில் உட்கார வைக்கப்பட்டேன்.

இரண்டாம், மூன்றாம் நாள் குறிப்புகளைப் படித்தால் சித்தப்பாவின் ஏமாற்றம் எனக்கு இப்போதும் புரிகிறது. மூன்றாவது கட்டத்தில், பார்த்த பொருள் என்ற இடத்தில், 'கரை' என்று ஒரு முறைகூட வரவில்லை. 'அப்பாவின் முழங்கால்', 'அப்பாவின் கழுத்து', 'அப்பா நூலைப் பல்லால் கடிப்பது', 'அப்பா இருமுவது' என்றே போகிறது. கரையை மூடிய வேட்டி ஒருமுறை நழுவியபோது அவர் தலையைத் திருப்பிக்கொண்டார் என்றும் எழுதியிருக்கிறேன். பக்கத்தில் சித்தப்பா சொல்லி நான் சேர்த்த ஒரு சொல்: 'நடிப்பு'.

நான்காம் நாள் நிலைமை முற்றியது. சித்தப்பா கைடிடம், "நடிகன்னா நடிச்சிக் காட்டச் சொல்லு" என்றார். வெள்ளைக்காரர் கொஞ்சம் யோசித்தார். டீ டம்ளரை எடுத்தார். இடது காலை மடித்து, இடுப்பைச் சொறிந்து, டீயை ஊதி, தெருப் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டு, "இன்னாபா, சக்கரையே இல்ல" என்றார். குரல், இழுப்பு, அந்த அலுப்பு எல்லாம் அச்சாகச் சித்தப்பா. அம்மா முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். அப்பா தறிக்குழிக்குள் குனிந்து எதையோ தேடுவதுபோல வெகுநேரம் இருந்தார்.

சித்தப்பா மட்டும் சிரிக்கவில்லை. "பார்த்துக்கினியா? இவனுக்குத் தமிழ் தெரியும். தெரிஞ்சிக்கினே தெரியாத மாரி குந்திக்கினு இருக்கான்" என்று அன்று சாயங்காலம் முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கும் அது நியாயமாகவே பட்டது.

ஐந்தாம் நாள் அவர் ஒரு நோட்டுடன் வந்தார். கடைத்தெருவில் வாங்கிய, பள்ளிப் பிள்ளைகள் கணக்குக்குப் பயன்படுத்தும் கட்டத்தாள் நோட்டு. அப்பாவைப் பார்த்துக்கொண்டே அதில் கட்டம் கட்டமாகக் குறிக்க ஆரம்பித்தார். எங்கள் தெருவில் பிறந்த எந்தக் குழந்தைக்கும் இதற்கு ஒரே அர்த்தம்தான். கரையோ, சேலை உடலில் வரும் புட்டாவோ முதலில் கட்டத்தாளில்தான் பிறக்கும். ஒரு கட்டம் என்றால் ஓர் இழை. நிரப்பிய கட்டத்துக்கு அட்டையில் ஓட்டை விழும், அட்டை சொல்கிறபடி நூல் தூக்கும். கட்டத்தாளும் பென்சிலும் வைத்துக்கொண்டு தறிக்கு முன்னால் உட்கார்ந்தவன் கரையை எழுதிக்கொண்டு போகிறான். வேறு எதற்கு?

அவர் மத்தியானம் சாப்பிடப் போகும்போது பையை எங்கள் வீட்டிலேயே வைத்துவிட்டுப் போவார். ஆறாம் நாள் 1.05 முதல் 1.50 வரை நான் அந்த நோட்டின் ஒரு பக்கத்தை என் கட்டத்தாளில் அப்படியே படியெடுத்தேன். புள்ளி, சாய்ந்த கோடு, நேர்க்கோடு. அங்கங்கே சின்ன வட்டம். ஓரத்தில் ஒவ்வொரு குறிக்கும் எதிரே கூட்டெழுத்தில் ஆங்கிலம். தமிழ் வழியில் படித்த எனக்கு அந்தக் கூட்டெழுத்து படிக்க வராது. ஆனாலும் கோலத்தைப் பார்த்துப் போடுவதுபோல வளைவு வளைவாக அதையும் வரைந்துகொண்டேன். நோட்டைப் பையில் எப்படி இருந்ததோ அப்படியே வைத்தேன்.

சித்தப்பாவுக்கு அட்டை குத்தத் தெரியும். அவர் என் தாளைப் பார்த்து இரண்டு நாளில் அட்டை குத்தி, தன் தறியில் மீந்திருந்த பாவு நூலில் நாலு விரல் அகலம் நெய்துபார்த்தார். யாளி வரவில்லை. கொடி வரவில்லை. ஒழுங்கில்லாத புள்ளிகளும் கோடுகளும் வரிசை வரிசையாக வந்தன. நடுவில் எந்தக் கணக்குக்கும் அடங்காமல் சின்னச் சின்ன வட்டங்கள்.

"இது மொட்டா, காசா?" என்றார் சித்தப்பா.

"எனக்கு அம்மை போட்ட மாரி இருக்குது" என்றாள் அம்மா.

சித்தப்பா சோர்ந்துபோகவில்லை. வேண்டுமென்றே கலைத்து எழுதியிருக்கிறான், ஊருக்குப் போய்ச் சேர்த்துக்கொள்வான் என்றார். அப்பா அந்த நாலு விரல் துணியைத் தடவிப் பார்த்துவிட்டுத் தன் தறிக்குப் போனார். பத்தாவது நாள் காலை அப்பா வாசலிலேயே நின்று, கைடைப் பார்த்தபடி, "இனிமே வரவேணாம்னு சொல்லிடுபா. வேல கெடுது" என்றார். கைடு மொழிபெயர்ப்பதற்கு முன்பே வெள்ளைக்காரருக்குப் புரிந்துவிட்டது. அவர் உள்ளே எட்டிப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார். பிறகு அப்பாவிடம், "சரிபா, வரேன்" என்றார். அதை அப்பாவின் குரலிலேயே சொன்னார். அப்பாவின் தோள் லேசாக அதிர்ந்ததைப் பின்னால் நின்ற நான் பார்த்தேன். என் நோட்டில்: வந்த நேரம் 9.10. போன நேரம் 9.14.

ஆடி முடிந்தது. யாளி வேறு எந்தத் தறியிலும் தலைகாட்டவில்லை. இரண்டு தறிகளும் ஓடின. தன் விழிப்பால்தான் குடும்பம் பிழைத்தது என்று சித்தப்பா இன்றைக்கும் விருந்தாளிகளிடம் சொல்வதுண்டு.

போன மாதம் செய்தித்தாளின் உள்பக்கத்தில் ஒரு சிறிய படம் வந்தது. கிழவராகியிருந்தாலும் மூக்கு மாறவில்லை. ஆங்கில மேடை நடிகர் காலமானார். ஒரு பத்தியில் அவருடைய தொழில் வாழ்க்கை முழுவதும் இருந்தது: வேல் பிடித்தவர், குமாஸ்தா, நீதிபதி, தொலைக்காட்சியில் ஒரு தாத்தா. அதிகம் பேசப்பட்டது ஒரு நாடகத்தில் அவர் ஏற்ற நெசவாளி வேடம்; அது பின்னர் படமாகவும் எடுக்கப்பட்டது. அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். "கடைசி வரிக்கும் ராஜா ஆவலியா, பாவம்" என்றாள்.

என் மகள் அந்தப் படத்தைத் தேடி எடுத்து டிவியில் போட்டாள். அப்பா நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். குளிர் நாட்டு வீடு, கம்பளி நூல், வேறு மாதிரித் தறி. அதில் உட்கார்ந்திருந்தது அப்பா. நூலைப் பல்லால் கடித்தார். மிதிக்கும்போது வலது முழங்கால் வெளிப்பக்கம் போனது. மூன்று தரம் தட்டிவிட்டு இருமினார். பிறகு தலையைத் தூக்கி வாசலைப் பார்த்தார். வாசற்படி காலியாக இருந்தது. அந்தக் கதையில் நெசவாளிக்குக் குழந்தைகள் கிடையாது. ஆனாலும் கொஞ்ச நேரத்துக்கு ஒருமுறை தலை தூக்கி வாசலைப் பார்த்து, முகம் லேசாக இளகி, திரும்ப நாடாவைத் தள்ளினார்.

அம்மா அப்பாவைத் திரும்பிப் பார்த்தாள். அப்பாவுக்குத் தன்னை அடையாளம் தெரியவில்லை.

"வேல தெரிஞ்சவன்தான். ஆனா கவனம் பத்தாது. இன்னாத்துக்கு சும்மா சும்மா வாசலயே பார்த்துக்கினு இருக்கான்?" என்றார்.

நான் எழுந்துபோய்ப் பழைய நோட்டை எடுத்தேன். படியெடுத்த கட்டத்தாள் மடிப்புக் கிழியாமல் உள்ளே இருந்தது. ஓரத்தில் நான் கோலம்போல வரைந்த எழுத்துகளை இப்போது படிக்க முடிந்தது. புள்ளிக்கு எதிரே கால். சாய்ந்த கோட்டுக்கு எதிரே நாடா. நேர்க்கோடு தட்டுவது. சின்ன வட்டத்துக்கு எதிரே: மகளைப் பார்க்கிறார்.

வட்டங்களை எண்ணினேன். அந்த ஒரு பக்கத்தில் மட்டும் பதினேழு. அவ்வளவு நேரமும் நான் அதே வாசற்படியில் உட்கார்ந்து, வெள்ளைக்காரர் எதைப் பார்க்கிறார் என்று நிமிடம் தவறாமல் எழுதிக்கொண்டிருந்தேன். அப்பா எதைப் பார்க்கிறார் என்று எழுத என் நோட்டில் கட்டம் இல்லை.