பச்சைக் குடிசைக்குள் சொல்ல வந்தது

எங்கள் தேயிலைத் தோட்டத்து லயத்தில், வரிசையாக இருந்த அறைகளில், பக்கத்துக் காம்பராப் பெண் பெரியவளாகியிருந்தாள். தாய்மாமன் பச்சைக் கிளைகளும் சாக்கும் வைத்து வாசல் மூலையில் கட்டிய குடிசைக்குள் அவளை உட்கார வைத்திருந்தார்கள். ஒருநாள் உளுந்தங்களி கொண்டுபோகும் முறை எனக்கு வந்தது. அவளிடம் நாலு விஷயம் சொல்லிவிட வேண்டும் என்று நினைத்துக்கொண்டே போனேன். எனக்கு யாரும் சொன்னதில்லை. அந்த வயதில் சாகப்போகிறேன் என்று நம்பி அழுதவள் நான்.

“பயப்படாத. இது நோயில்ல. எல்லாப் பொம்பளைக்கும் மாசாமாசம் வர்றதுதான்” என்று ஆரம்பித்தேன்.

“களியக் குடுத்துட்டு வாடி, அங்க என்ன பேச்சு?” என்று வெளியே இருந்து அவள் அத்தை அதட்டினாள்.

கண்ணாடி பார்க்காதே, இரும்புத் துண்டை விட்டு நகராதே, தலையைக் குனிந்து நட. இதையெல்லாம் மட்டும் மூச்சுவிடாமல் சொல்லிக்கொடுத்தார்கள். மேலே கை வைக்கிற ஆம்பளையைப் பற்றி ஒரு வார்த்தை உண்டா? எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

குரலைத் தாழ்த்தினேன். “ஒனக்குப் புடிக்காம ஒருத்தன் தொட்டா அது ஒன் தப்பில்ல. கைய இழுத்துக்க. சத்தம் போடு.”

அவள் களியைக் கீழே வைத்தாள். “கொழுந்து நிறுக்கையில கணக்கப்பிள்ளை ஐயா கூடையோட சேத்து என் கையையும் புடிக்கிறாரு. அவருகிட்டயும் சத்தம் போடலாமாக்கா?”

நான் வாயைத் திறப்பதற்குள் அவள் அம்மா சாக்கை விலக்கினாள். “ஐயாவப் பத்தி என்ன பேச்சு? அரப்பேரு போட்டுருவாரு, கூலி பாதியாப் போயிரும். நீ எந்திரிச்சுப் போ தாயி.”

ஆத்திரத்தோடு எழுந்து வந்தேன்.

அவளுக்குத் தலைக்குத் தண்ணீர் ஊற்றினார்கள், குடிசையைக் கொளுத்தினார்கள், பதுளைக் கடையில் எடுத்த சேலையை உடுத்தினார்கள். பிறகு அவள் மறுபடியும் கொழுந்தெடுக்க வந்தாள். சாயங்காலம் நிறுக்கும் இடத்தில் அவள் முறை வந்ததும், பின்னால் நின்ற அம்மா விறுவிறுவென்று முன்னே வந்து கூடையைப் பிடுங்கித் தானே தராசில் மாட்டினாள். எந்தப் பக்கம் நின்றால் கணக்கப்பிள்ளையின் கை எட்டாது என்று அவளுக்கு நன்றாகவே தெரிந்திருந்தது. மகளிடம் மட்டும் ஒரு வார்த்தை இல்லை!

அந்தப் பெண் என்னைத் திரும்பிப் பார்த்தாள். கேட்ட கேள்வி அவள் முகத்தில் அப்படியே இருந்தது.

“சத்தம் போடலாம்டி, அவருகிட்டயும் போடலாம்” என்றேன், எல்லார் காதிலும் விழும்படி.

ஒருத்தியும் நிமிரவில்லை. அவரவர் கூடையிலிருந்த கொழுந்தைக் கிளறிக்கொண்டு நின்றார்கள்.

“அடுத்த ஆளு வா” என்றார் கணக்கப்பிள்ளை. அடுத்து நின்றது நான்தான்.