ஊஸ்டரில் நான் ஜனாதிபதியாக இருந்த மாலை

இன்று காலையிலிருந்து எங்கள் சமையலறை முழுக்கப் பசை மணம். ஆறாம் வகுப்புப் படிக்கும் மகளுக்குத் திங்கட்கிழமை பள்ளியில் ஃபோர்ட்ராக். வகுப்பின் முன்னால் நின்று ஒரு பெரிய மனிதரைப் பற்றிப் பேச வேண்டும். அவள் தேர்ந்தெடுத்திருப்பவர் பத்தொன்பதாம் நூற்றாண்டு அமெரிக்க ஜனாதிபதி ஒருவர். மரக்குடிசையில் பிறந்து, இரவல் புத்தகங்களில் படித்து, அடிமை முறையை ஒழித்து, நாடக அரங்கில் சுடப்பட்டு இறந்தவர். உயரத் தொப்பி, மீசையில்லாத தாடி. பெயர் சொல்லாமலே உங்களுக்குத் தெரிந்திருக்கும்.

“அம்மா, அவர் ஒரு மீட்டர் தொண்ணூற்றிமூண்டு! கடிதமெல்லாம் தொப்பிக்குள்ளைதான் வைப்பாராம்,” என்றாள், படத்தை அட்டையில் ஒட்டிக்கொண்டே.

“தெரியும். நான் அவராய் இருந்தனான்,” என்றேன்.

அவள் பசையைக் கீழே வைத்துவிட்டாள்.

அது 2010. எனக்கு இருபத்தாறு வயது. சுவிற்சர்லாந்தின் ஊஸ்டரில் ஒரு முதியோர் இல்லத்துச் சமையலறையில் வேலை. என் உயரம் ஒரு மீட்டர் எண்பத்தொன்று. வேலையில் இதற்குப் பெரிய மதிப்பு. மேல்தட்டுச் சட்டி எடுக்க என்னைத்தான் கூப்பிடுவார்கள். கல்யாணப் பேச்சில் கதை வேறு. இரண்டு மாப்பிள்ளை வீட்டார் நான் கதிரையில் இருக்கும்வரை சிரித்துக் கதைத்தார்கள். நான் எழும்பியதும் அவசரமாகத் தேநீரைக் குடித்துவிட்டுப் போய்விட்டார்கள். அதன்பிறகு அம்மா வீட்டில் ஒரு சட்டம் போட்டார்: “ஆக்கள் வந்தால் எழும்பாதை.”

அந்த வருடம் தமிழ்ப் பள்ளி ஆண்டு விழாவுக்கு சிவம் அண்ணை நாடகம் எழுதினார். வாரநாட்களில் ரயில்பெட்டி துப்புரவு செய்வார். சனிக்கிழமைகளில் எங்கள் பள்ளியில் சரித்திரம் படிப்பிப்பார். “ஏன் அண்ணை, எங்கடை ராசாக்கள் இல்லையோ?” என்று கேட்டார்கள். “ராசாவுக்கு முடி வேணும், வாள் வேணும், குதிரை வேணும். இவருக்கு ஒரு கறுத்தக் கோட்டுக் காணும்,” என்றார். பிறகு என்னை அண்ணாந்து பார்த்தார். “உன்னைவிட உயரமான ஆம்பிளை ஊஸ்டரிலை இல்லை, பிள்ளை.”

உண்மையில் ஒரேயொரு காட்சிக்காகத்தான் அவர் முழு நாடகத்தையும் எழுதினார். உள்நாட்டுப் போரில் செத்தவர்களைப் புதைத்த இடத்தில் ஜனாதிபதி நின்று இரண்டே நிமிடம் பேசுவார் அல்லவா, அந்தக் காட்சி. எங்கள் போர் முடிந்து அப்போது ஒரு வருடம். வன்னியிலிருந்த அண்ணையின் கடைசித் தம்பியைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. ஒத்திகையில் அந்த இடம் வரும்போதெல்லாம் அவர் ஜன்னல் பக்கம் திரும்பிவிடுவார்.

விழாவுக்கு ஒரு கிழமை முன்பு அம்மா குண்டைப் போட்டார். “ஷாஃப்ஹவுசனிலை இருந்து உன்னைப் பாக்க வருகினம். விழாவிலைதான் பாக்கினமாம். நாடகத்தை விடு.”

“ஏலாதம்மா.”

“தாடியோடை பாத்தால் ஆரடி உன்னைக் கட்டுவான்?”

இரண்டு நாள் என்னோடு கதைக்கவில்லை. மூன்றாம் நாள் தானே அந்தக் கறுத்தக் கோட்டின் கைகளை நீளமாக்கித் தைத்துத் தந்தார்.

விழா நாளன்று நாடகச் சாமான் கடை பூட்டியிருந்தது. சிவம் அண்ணை வேறெங்கோ ஓடி ஏதோ பசை வாங்கி வந்தார். “கழராது,” என்று உறுதி சொன்னார். உண்மையைத்தான் சொன்னார். கறுப்புக் கம்பளித் தாடி என் நாடியில் குடியேறியது. அந்த நெடியில் எனக்குத் தலை சுற்றியது.

அடிமைகளாக வந்த சின்னப் பிள்ளைகள், விடுதலை கிடைத்த பிறகும் காகிதச் சங்கிலியை விட மனமில்லாமல் மேடையிலேயே இழுத்து விளையாடினார்கள். என் கடைசிக் காட்சிக்கு முன்னால், அவசரமாகப் போக வேண்டியிருந்த பிரதம விருந்தினரைப் பேச விட்டார்கள். ஒன்றரை மணி நேரம் பேசினார். திரைக்குப் பின்னால் சிவம் அண்ணைக்குத் தலைகால் புரியாத சந்தோசம். அமெரிக்காவிலும் ஜனாதிபதிக்கு முன்னால் ஒருவர் இரண்டு மணி நேரம் பேசியிருந்தாராம். “பாத்தியோ, சரித்திரம் சரியா நடக்குது!”

பிறகு நான் பேசினேன். செத்தவர்கள் தங்கள் பங்கைச் செய்துவிட்டார்கள், மிச்சம் எங்களுடையது என்பதுதான் சாரம். மண்டபத்தில் ஒரு கதிரை கிறீச்சிடவில்லை. மூன்றாம் வரிசையில் யாரோ விம்மினார்கள். அது வரிசை வரிசையாகப் பின்னால் போனது. சிவம் அண்ணை திரைச்சீலையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு நின்றார். முடித்துவிட்டு இறங்கி ஓடியவள்தான், பெண்கள் கழிப்பறையில் போய் நின்றேன். தாடி வரவில்லை. பாதியை இழுத்தேன், உயிர் போனது.

கதவு திறந்தது. “ஐயோ! ஆரப்பா நீ? இது பொம்பிளையளின்ரை!”

“நான்... நான் பொம்பிளைதான்,” என்றேன்.

வந்தவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். பார்க்க நிறைய இருந்தது. பிறகு சுவரைப் பிடித்துக்கொண்டு சிரிக்கத் தொடங்கினார். “உன்னைப் பாக்கத்தான் பிள்ளை ஷாஃப்ஹவுசனிலை இருந்து வந்தனாங்கள்!”

அந்த மாமியே ரோல்ஸ் பொரித்த இடத்துக்குப் போய்ச் சமையல் எண்ணெய் வாங்கி வந்தார். என்னைக் குனியவைத்து, நாடியைப் பிடித்து, இழை இழையாகத் தாடியைக் கழற்றினார். இவ்வளவு கிட்ட நின்று பெண் பார்த்தவர்கள் உலகத்தில் இருக்க மாட்டார்கள். “இந்த வடிவான நாடியை ஏனடி மூடினனி?” என்றார்.

வெளியே வந்தால் மாமியின் மகன் நிற்கிறார், நான் மேடையில் விட்டுவந்த தொப்பியோடு. என்னைவிட நாலு விரல் குறைவு. “ஒருக்காப் போட்டுப் பாக்கட்டோ?” என்று கேட்டார். போட்டுக்கொண்டு பக்கத்தில் வந்து நின்றார். “இப்ப சரிதானே?”

அம்மா வாழ்க்கையில் முதல்முறையாக, “நிமிந்து நில்லடி!” என்று கத்தினார்.

அடுத்த வருடம் திரிம்பாக் கோயிலில் கல்யாணம். தாலி கட்டும்போது இருவரும் உட்கார்ந்திருந்தோம், பிரச்சினை இல்லை.

“வீடியோ இருக்கோ?” என்று மகள் கேட்கிறாள். இல்லை. படம் பிடித்தவரின் கசெட் வீடு மாறும்போது தொலைந்தது. சிவம் அண்ணையும் போய்விட்டார். தம்பியைப் பற்றிய தகவல் கடைசிவரை வரவில்லை. மண்டபத்தை இடித்து அடுக்குமாடி கட்டிவிட்டார்கள். போன கோடையில் நானும் இவரும் அந்தப் பக்கம் போனோம். மேடை இருந்திருக்கக்கூடிய இடத்தில் ஒரு பெண் தக்காளிக் கன்றுகளுக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். வேலிக்கு வெளியே வெகுநேரம் நின்ற எங்களைப் பார்த்து, யாரைத் தேடுகிறீர்கள் என்று கேட்டாள்.

ஒருவரையும் இல்லை என்று இருவரும் ஒரே நேரத்தில் சொன்னோம்.