தீ பட்டால் சுருங்கும் உறை

ஊரே மழையில் ஊறிக் கிடந்தபோது, அதற்கு மேலும் ஒரு வாளித் தண்ணீரை ஊற்றி ஊருக்குக் கெடுதல் செய்யமுடியும் என்று காட்டியவன் நான். தொண்ணூறுகளின் நடுவில், ஐப்பசி மாதத்து வெள்ளிக்கிழமை ஒன்றில், பாளையங்கோட்டையில் எங்கள் வீட்டு வாசலுக்கு நேர் எதிரே இது நடந்தது. குழிக்குள் உட்கார்ந்து டெலிபோன் கேபிளுக்கு இணைப்புப் போட்டுக்கொண்டிருந்த மனிதர்மீதும், அவர் கையில் எரிந்த தீயின்மீதும், அந்தத் தீயில் அவர் வாட்டிக்கொண்டிருந்த பிளாஸ்டிக் உறையின்மீதும் முழு வாளியையும் கவிழ்த்தேன். நல்லது செய்வதாக நினைத்துத்தான் செய்தேன். என் பெரிய கோளாறுகள் எல்லாமே அப்படித்தான் தொடங்கியிருக்கின்றன.

நான் பள்ளிக்கூடத்தில் வரலாறு நடத்துகிறவன். பிளாஸ்டிக்கைப் பற்றி எனக்கிருந்த அறிவு முழுவதும் ஒரு குளியலறை மக்கிலிருந்து வந்தது. வெந்நீர்த் தவலைக்குப் பக்கத்தில் அதை வைத்துவிட்டு நான் செய்தித்தாளில் மூழ்கியிருந்தேன். திரும்பிப் பார்த்தபோது அது அடுப்பங்கல்லைக் கட்டிக்கொண்டு அழுதபடி வழிந்திருந்தது. பிளாஸ்டிக்கும் தீயும் சேரக்கூடாது என்பது அன்றிலிருந்து என் கொள்கை. அரசியலிலும் ஆன்மிகத்திலும் எனக்கு அவ்வளவு உறுதியான கொள்கை கிடையாது.

மின்வேலையிலும் கைவைத்திருக்கிறேன். எங்கள் வீட்டு டெலிபோனுக்கு ஜன்னல் வழியாக வந்த வயரை அணில் கடித்துவிட்டபோது, காயத்துக்குப் போடுகிற வெள்ளைப் பிளாஸ்திரியை எடுத்து நானே சுற்றினேன். தற்காலிகமாக என்று சொல்லிச் சுற்றியது சில மழைக்காலங்களைப் பார்த்துவிட்டது. மழை நாட்களில் போன் கொஞ்சம் இரையும். டெலிபோன் இலாகாவைத் திட்டுவேன்.

அந்த ஐப்பசியில் மழை விடாமல் அடித்ததில் தெருவில் எந்த வீட்டுப் போனும் பேசவில்லை. எங்கள் தெருவுக்கடியில் கிடந்தது பழைய காலத்துக் கேபிள். ஈயக் குழாய்க்குள் காகிதம் சுற்றிய செம்புக் கம்பிகள். காகிதம் நனைந்தால் என்ன ஆகும் என்பது விடைத்தாள் கட்டை மழையில் தூக்கிக்கொண்டு வந்த எந்த ஆசிரியருக்கும் தெரியும். இலாகாவும் கடைசியில் சலித்துப்போய், அந்தத் துண்டை எடுத்துவிட்டுப் புதுமாதிரிக் கேபிளைப் புதைத்தது. புதைத்தபின் மிச்சமிருந்தது எங்கள் வாசல் குழியில் போடவேண்டிய இணைப்பு ஒன்றுதான்.

அந்த இணைப்புக்காகத் தெருவிலேயே அதிகம் தவித்தது பக்கத்து வீட்டுப் பெண். காயல்பட்டினத்துக்காரி. மகளைச் சேர்த்த பள்ளிக்காக இங்கே வாடகைக்கு வந்திருந்தாள். கணவர் வளைகுடாவில் ஒரு கம்பெனியில் வேலை. வெள்ளிதோறும் ஜும்மா தொழுகை முடிந்ததும் அங்கிருந்து எங்கள் வீட்டு எண்ணுக்குப் பேசுவார். நம் ஊர்க் கணக்கில் பிற்பகல் மூன்று மணி வாக்கில் மணி அடிக்கும். இவளாகக் கூப்பிட வழியில்லை. அவர் தங்கியிருந்த முகாமில் போன் கிடையாது.

அந்த வாரம் அவரிடமிருந்து கடிதம் வந்திருந்தது. கம்பெனி இன்னும் மூன்று வருடத்துக்கு ஒப்பந்தம் தருகிறது, சனிக்கிழமை கையெழுத்து, உனக்கு எப்படி, வெள்ளியன்று பேசுவோம் என்று எழுதியிருந்தார். அவளுக்குச் சம்மதமில்லை. காரணம் அவள் மகள். அந்தக் குழந்தை எங்கள் வீட்டுக்கு வந்தால் டெலிபோனின் தலையைத் தடவிக்கொடுக்கும். முறுக்கு கொடுத்தால் பாதியை அதன்மேல் வைத்துவிட்டு, "வாப்பா திங்கட்டும்" என்னும். முதலில் நாங்கள் எல்லோரும் சிரித்தோம். பிறகு ஒருநாள் அவள் தாய் சிரிப்பதை நிறுத்திவிட்டாள்.

"கையெழுத்துப் போடாம வந்துருங்கன்னு ஒரு வார்த்தை சொல்லணும்க்கா. அந்த ஒரு வார்த்தைக்கு லைன் வந்தாப் போதும்" என்று என் மனைவியிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்.

மழைக்காகப் பள்ளிக்கு விடுமுறை விட்டிருந்ததால், இதையெல்லாம் மேற்பார்வை பார்க்க நானும் வாசலில் இருந்தேன். குழியில் இறங்கியிருந்த ஜாயின்டர், அதாவது கேபிளுக்கு இணைப்புப் போடுகிற இலாகா ஆள், நல்ல உயரம், மீசை அதற்கு மேல். உதவிக்கு வரவேண்டியவர் மழையைச் சாக்கு வைத்து வரவில்லை என்று அவரைத் திட்டிக்கொண்டே வேலை செய்தார். நீலமும் ஆரஞ்சும் பச்சையுமாகப் பாலித்தீன் சட்டை போட்ட கம்பிகளை ஜோடி ஜோடியாகச் சேர்த்து முடித்தார். அந்தக் கொத்துக்குமேல் கணுக்கால் பருமனுள்ள கறுப்பு உறை ஒன்றைச் சுற்றி, ஓரங்களை ஓர் எஃகுப் பட்டையால் பூட்டினார். உறைமேல் பச்சைப் பொட்டுகள் வரிசையாக இருந்தன. பிறகு சிறிய கேஸ் சிலிண்டரைத் திறந்து, தீயைப் பற்றவைத்து, அந்த உறைக்கே நேராகப் பிடித்தார்.

"என்னவே செய்யுதீரு! உருகிரும்வே!" என்றேன்.

"உருகாது சார்வாள். இது சுருங்கும்."

என் மக்கும் சுருங்கத்தான் செய்தது. அடுத்த நிமிடம் புகைபோல ஏதோ எழும்பியது, ஒரு வாடையும் வந்தது. தெருவின் ஒரே நம்பிக்கை என் கண்ணெதிரே எரிகிறது. மழைக்காலத்தில் சேறு கழுவ வாசலில் வாளி நிறையத் தண்ணீர் வைத்திருப்போம். மீதியை முன்பே சொல்லிவிட்டேன்.

தீ அணைந்தது. மீசையிலிருந்து தண்ணீர் சொட்ட ஜாயின்டர் மெதுவாக நிமிர்ந்தார்.

"ஏன்வே சார்வாள், நான் இங்கன என்ன சொக்கப்பனையா கொளுத்துதேன்? ஓடிவந்து அணைக்கீரு!"

"பிளாஸ்டிக்காச்சே, எரிஞ்சு போயிருமேன்னுதான்..."

"எரிக்கதுக்குன்னே செஞ்சு அனுப்பிருக்கான்வே அதை!"

உறை நடுவில் இறுகியும் இரண்டு முனைகளிலும் வாயைப் பிளந்தும் கிடந்தது. அந்த வாய் வழியாக என் தண்ணீர் உள்ளே போயிருந்தது. கத்தியால் அதைக் கிழித்தெடுப்பதைத் தவிர வேறு வழியில்லை என்றார். பக்கத்து வீட்டுப் பெண் கதவைப் பிடித்தபடி நின்றாள். "மூணு மணிக்குள்ள ஆயிருமா அண்ணாச்சி?" என்று ஜாயின்டரைத்தான் கேட்டாள். என்னை நாலு வார்த்தை திட்டியிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

உறையைக் கிழித்துத் திறந்தபோதுதான் முதல் ஆச்சரியம். உள்ளே தண்ணீர் இருந்தது. ஆனால் எதையும் நனைக்கவில்லை. கேபிளுக்குள் கம்பிகளுக்கு நடுவே இடுக்கு விடாமல் வாசலீன் மாதிரி ஒரு பசையை நிரப்பியிருக்கிறார்கள். அந்தப் பசையின்மேல் என் தண்ணீர் சேம்பிலையில் உருளுவதுபோல முத்து முத்தாக உருண்டு நின்றது. ஜாயின்டர் துணியால் ஒற்றி ஒற்றி எடுத்தார். அவர் முகத்திலும் ஆச்சரியம் தெரிந்ததை நான் கவனித்தேன்.

இன்னோர் உறை எக்ஸ்சேஞ்சில் இருந்தது. மேலப்பாளையம் பக்கத்து வேலைக்கென்று எடுத்து வைத்தது. "அவங்க திங்கக்கிழமை வரைக்கும் பேசாம இருக்கட்டும். எடும்வே ஸ்கூட்டரை" என்றார். திறந்து கிடந்த இணைப்புக்குமேல் குடை பிடித்துக்கொண்டு என் மனைவி குழியோரம் உட்கார்ந்தாள். குழந்தை அவள் தோளைப் பிடித்துக்கொண்டு குழிக்குள் எட்டிப்பார்த்தது.

முழங்கால் தண்ணீரில் ஸ்கூட்டரைத் தள்ளியும் ஓட்டியும் போனோம். போகும்போது பின்னாலிருந்து வசவு வந்துகொண்டே இருந்தது. உறையோடு திரும்பும்போது சத்தம் குறைந்துவிட்டது. சவேரியார் கல்லூரிப் பக்கம் வந்தபோது என் காதருகே குனிந்தார்.

"சார்வாள், ஒண்ணு சொன்னா வெளியில சொல்லக்கூடாது."

"சொல்லும்."

"ஈயத்துல ஜாயின்ட் போடச் சொன்னா கண்ணை மூடிக்கிட்டுப் போடுவேன். இது மதுரையில ட்ரெய்னிங்ல பாத்ததோட சரி. அங்கயும் தீயைப் பிடிச்சுக் காட்டுனது அந்த வாத்தியாருதான். நான் பின் வரிசை."

"அப்போ அது சுருங்கும்னு அடிச்சுச் சொன்னீரே!"

"அவரு சொன்னாரு, நான் சொன்னேன். நீரு மட்டும் அசோகரை நேர்ல பாத்தா பாடம் நடத்துதீரு?"

ஆக, அந்தக் குழியைச் சுற்றி நின்றவர்களில் அந்த உறைமேல் முழு நம்பிக்கை வைத்திருந்தவர் ஒருவரும் இல்லை.

இரண்டாம் முறை நான் சிலிண்டரைப் பிடித்துக்கொண்டேன். வாளியை மனைவி உள்ளே கொண்டுபோய் வைத்திருந்தாள். ஜாயின்டர் நடுவிலிருந்து தொடங்கி, தீயைப் பைய முனைப்பக்கம் ஓட்டினார். தொளதொளவென்று பெரிய அண்ணன் சட்டையைப் போட்ட மாதிரிக் கிடந்த உறை, ஒரு மூச்சை உள்ளே இழுத்தது. வேறு எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை. சுடச் சுட இளைத்தது. உள்ளே இருந்த கொத்தின் மேடும் பள்ளமும் ஒவ்வொன்றாக வெளியே தெரிந்தன; தூங்குகிறவர்மேல் போர்த்திய ஈரவேட்டி போல ஒட்டிக்கொண்டது. சூடு போதிய இடங்களில் பச்சைப் பொட்டுகள் கறுத்து மறைந்தன. தனக்கு எவ்வளவு தீ வேண்டும் என்பதை அதுவே சொல்லிக்கொண்டிருந்தது. ஜாயின்டர் கேட்டு நடந்தார். கடைசியில் இரண்டு முனைகளிலும் உறையின் உட்பக்கம் பூசியிருந்த ஒட்டுப்பசை உருகிக் கசிந்து, பலாப்பிசின் மாதிரி கேபிளைச் சுற்றி வளையமாக இறுகியது.

கர்ப்பக்கிரகத்தில் திரை விலகும்போது ஓர் அமைதி வருமே, அது எங்கள் தெருவில், சாக்கடைக்குப் பக்கத்தில் வந்தது.

"நெசமாவே சுருங்கிட்டுவே!" என்றார் ஜாயின்டர்.

அவர் மேலே ஏறவும் மழை மறுபடி பிடித்துக்கொள்ளவும் சரியாக இருந்தது. குழி நிரம்பியது. இணைப்பு செந்தண்ணீருக்குள் மறைந்தது. மூன்று மணி தாண்டியது. மூன்றரையும் ஆகப்போனது. பக்கத்து வீட்டுப் பெண் எங்கள் முன்னறையில், மடியில் மகளும் எதிரே டெலிபோனுமாக உட்கார்ந்திருந்தாள். மணி அடித்தது.

அவள் பேசட்டும் என்று நான் குடையோடு தெருவில் வந்து நின்றேன். அவள் சத்தமாகப் பேசுவது கேட்டது, வார்த்தைகள் கேட்கவில்லை. என் பார்வை அந்தக் குழியின்மேல் இருந்தது. நெஞ்சளவு சேற்றுத் தண்ணீர். அதற்கடியில், விரல் தடிமன்கூட இல்லாத ஒரு கறுப்புத் தோலுக்குள், காய்ந்த ஒரு சின்ன இடம். அந்த இடத்தைக் கடந்துதான் அந்த நிமிடத்தில் ஒரு பெண் கடலுக்கு அப்பால் இருக்கும் தன் புருஷனை வீட்டுக்கு வரச்சொல்லிக்கொண்டிருந்தாள். மழை அதன் தலைமேலேயே பெய்துகொண்டிருந்தது. உள்ளே போக அதற்கு அனுமதியில்லை. எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. குளிரும் ஒரு காரணமாக இருக்கலாம்.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தாள். "சொல்லிட்டேன் அண்ணாச்சி. சரி சரின்னாங்க."

பிறகு நூலகத்தில் தேடிப் படித்தேன். பாலித்தீன் என்பது நீள நீளமான மூலக்கூறுச் சங்கிலிகள். என் மக்கில் அவை தனித்தனியாகக் கிடந்தன. சூடு பட்டதும் ஆளுக்கொரு பக்கம் வழுக்கி ஓடிவிட்டன. இந்த உறையை முதலில் சிறியதாகச் செய்து, கதிர்வீச்சைப் பாய்ச்சி அந்தச் சங்கிலிகளை ஒன்றோடொன்று முடிச்சுப் போட்டுவிடுகிறார்கள். அதன்பின் சுடவைத்து இழுத்துப் பெரிதாக்கி, இழுத்த நிலையிலேயே குளிரவைக்கிறார்கள். அது தன் பழைய உருவத்தை மறப்பதில்லை. மறுபடி தீ பட்டதும் பிறந்த அளவுக்குத் திரும்பப் பார்க்கிறது. கல்லில் வெட்டினால்தான் எதுவும் நினைவிருக்கும் என்று வகுப்பில் வருடக்கணக்காகச் சொல்லிவந்தவன் நான். அந்தப் பக்கத்தைத் திரும்பத் திரும்பப் படித்துக்கொண்டு, நூலகம் மூடுகிற மணி அடித்தும் எழுந்திருக்காமல் இருந்தேன்.

அவர் மாசி மாதம் வந்து சேர்ந்தார், ஒரேயடியாக. குழந்தை இரண்டு நாள் அவரையும் எங்கள் டெலிபோனையும் மாறி மாறிப் பார்த்தது. மூன்றாம் நாள் முறுக்கை அவரிடம் நீட்டியது. அன்று சாயங்காலம் அவரை அழைத்துக்கொண்டு குழியை மூடிய இடத்துக்குப் போனேன். சங்கிலி, முடிச்சு, நினைவு என்று ஒரு பாடவேளை அளவுக்குப் பேசினேன். உங்கள் மனைவியின் வார்த்தையை ஒரு சொட்டுக்கூட நனையாமல் உங்களிடம் சேர்த்தது இதுதான் என்று முடித்தேன்.

அவர் சங்கடத்தோடு நெளிந்தார்.

"தப்பா நெனைக்கக்கூடாது அண்ணாச்சி. அன்னைக்கு ஒரு வார்த்தையும் வெளங்கல. கொர்ருன்னு ஒரே இரைச்சல். சும்மா சரி சரின்னு வச்சேன். அவ போட்ட சத்தத்துல, பிள்ளைக்குத்தான் என்னமோ ஆயிட்டுதுன்னு பயந்து, கையெழுத்தை நிறுத்திட்டுக் கெளம்பி வாரதுக்குக் கம்பெனியில எழுதிக் கொடுத்துட்டேன். பிள்ளைக்கு ஒண்ணுமில்லன்னு பொறவுதான் தெரிஞ்சுது, அதுக்குள்ள மாசி வரைக்கும்னு நோட்டீஸ் போயிட்டு."

என் காலுக்குக் கீழே இருந்த இடத்தைக் கலவரத்தோடு பார்த்தேன். அவ்வளவு தீயும், அவ்வளவு நினைவும் வீணா? தண்ணீர் எங்கேதான் உள்ளே போயிருக்கும்?

வாசலில் கோலமாவுக் கிண்ணத்தோடு நின்ற என் மனைவி நிமிர்ந்தாள்.

"அங்க என்னத்தத் தேடுதீங்க? குழிக்குள்ள இருக்கதெல்லாம் நனையாமத்தான் இருக்கு. நம்ம ஜன்னல்ல நீங்க சுத்துன பிளாஸ்திரிதான் மழைக்கு மழை நனையுது."